துணைப்பாத்திரமும் கிளைமொழியும்: டெல்லி கணேஷின் திரைப்பேச்சு – ஒரு திறனாய்வு

1. முன்னுரை

தமிழ்த் திரைப்படம் பற்றிய திறனாய்வுகள் பெரும்பாலும் கதைத்தலைவனையும் இயக்குநரையும் மையமாகக் கொண்டே அமைந்துள்ளன. திரைமொழி ஆய்வுகளிலும் கதைத்தலைவனின் வசனமே சான்றாக எடுத்துக் காட்டப்படுகிறது. ஆனால், ஒரு படத்தில் பேசப்படும் தமிழ் எந்த ஊருக்கு உரியது, எந்தச் சமூகத்திற்கு உரியது, எந்தத் தொழிலுக்கு உரியது என்பதைப் பார்வையாளருக்கு முதலில் உணர்த்துபவை துணைப்பாத்திரங்களே. தலைவனின் பேச்சு பெரும்பாலும் பொதுமையை நோக்கி நகர்வது. துணைப்பாத்திரத்தின் பேச்சு இடத்தோடு ஒட்டி நிற்பது. இந்த வேறுபாட்டை ஒரு நடிகரின் வாழ்க்கைப்பணியைக் கொண்டு ஆராய்வது இக்கட்டுரையின் நோக்கமாகும்.

ஆய்வுக்கு எடுத்துக்கொள்ளப்பட்டவர் டெல்லி கணேஷ் (1944–2024). 'பட்டினப்பிரவேசம்' (1977) தொடங்கி நானூறுக்கும் மேற்பட்ட படங்களில் நடித்தவர். அவற்றுள் மிகப் பெரும்பான்மையானவை துணைப்பாத்திரங்கள். அவருடைய பாத்திரங்களுள் 'மைக்கேல் மதன காம ராஜன்' (1990) படத்தின் பாலக்காட்டு மணி ஐயர் இங்குச் சிறப்பாக ஆராயப்படுகிறது. கேரள எல்லையில் வழங்கும் தமிழ்களுள் ஒன்று தமிழ்நாட்டின் எல்லாப் பகுதிகளுக்கும் சென்று சேர்ந்தது இப்பாத்திரத்தின் வாயிலாகவும் அதன் வளர்ப்பு மகன் காமேசுவரனின் வாயிலாகவுமே எனலாம். அதே எல்லையில் வழங்கும் பிற தமிழ்கள், குறிப்பாக மூணாற்றுத் தோட்டத் தமிழ், அத்தகைய வாய்ப்பைப் பெறவில்லை. இதன் காரணத்தையும் விளைவையும் கட்டுரையின் பிற்பகுதி ஆராய்கிறது.

2. நடிகரும் அவர் கடந்த வழக்குகளும்

கணேசன் என்னும் இயற்பெயருடைய இந்நடிகர் தாமிரபரணிக் கரையை அடுத்த வல்லநாட்டில் பிறந்தவர். 1964 முதல் 1974 வரை இந்திய விமானப்படையில் பணியாற்றினார். தில்லியில் தட்சிண பாரத நாடக சபாவில் நடித்துப் பயிற்சி பெற்றார். இயக்குநர் கே. பாலசந்தர் அவரைத் திரைக்குக் கொண்டுவந்து, பெயரோடு 'டெல்லி' என்னும் ஊர்ப்பெயரையும் இணைத்தார். பிறந்த ஊர் பொருநைச் சீமை. பெயரில் நின்ற ஊரோ இந்தி வழங்கும் தலைநகரம். இவ்விரண்டுக்கும் இடையில் அவர் திரையில் பேசிய தமிழ்கள் பல.

அவர் அறிமுகமான 1977, தமிழ்த் திரைமொழி வரலாற்றிலும் குறிப்பிடத்தக்க ஆண்டாகும். பாரதிராஜாவின் '16 வயதினிலே' வெளிவந்ததும் அவ்வாண்டில்தான். படப்பிடிப்புக் கூடங்களின் பொதுத்தமிழ் பின்வாங்கி, வட்டாரப் பேச்சு முன்வரத் தொடங்கிய காலம் அது. நாடக மேடையின் நீண்ட வசனத்தைக் காட்டிலும் ஊர்ப்பேச்சின் குறுந்தொடருக்கு மதிப்பு ஏற்பட்டது. இம்மாற்றம், ஒரு வழக்கிலிருந்து மற்றொரு வழக்கிற்கு எளிதில் மாறவல்ல குணச்சித்திர நடிகர்களுக்குத் தேவையை உண்டாக்கியது.

துரை இயக்கிய 'பசி' (1979) இதற்குச் சிறந்த சான்று. சென்னைக் குடிசைப்பகுதி மக்களின் வாழ்வைக் கூறும் இப்படத்தில் கணேஷ் ரிக்சா தொழிலாளி முனியாண்டியாக நடித்தார். இப்பாத்திரத்திற்காகத் தமிழ்நாடு அரசின் சிறப்புப் பரிசு அவருக்கு வழங்கப்பட்டது. 'சிந்து பைரவி' (1985) படத்தில் குடிப்பழக்கம் உள்ள மிருதங்கக் கலைஞர் குருமூர்த்தி. 'நாயகன்' (1987) படத்தில் பம்பாய்த் தாராவியில் வாழும் ஐயர். 'அபூர்வ சகோதரர்கள்' (1989) படத்தில் வில்லன்களுள் ஒருவரான பிரான்சிஸ் அன்பரசு. 'மைக்கேல் மதன காம ராஜ'னில் சமையற்காரர் மணி ஐயர். 'அவ்வை சண்முகி' (1996) படத்தில் சேதுராம ஐயர். ஏறத்தாழப் பதினேழு ஆண்டுக் காலத்தில் சாதி, தொழில், ஊர், சமயம் ஆகியவற்றால் வேறுபட்ட பாத்திரங்களை அவர் ஏற்றார் என்பதை இப்பட்டியல் காட்டும்.

3. வழக்கு மாற்றத்தின் மொழியியல் அளவு

ஒரு நடிகர் வழக்கு மாறிப் பேசினார் என்று பொதுவாகக் கூறுவது திறனாய்வு ஆகாது. மாற்றம் எந்த மொழிக்கூறுகளில் நிகழவேண்டியிருக்கிறது என்பதைக் காட்டுதல் வேண்டும். இதற்கு இரண்டு கூறுகள் போதுமானவை.

முதலாவது, 'கொண்டு' என்னும் துணைவினையின் திரிபு. எழுத்து வழக்கில் 'பார்த்துக்கொண்டு' என அமைவது சென்னைப் பேச்சில் 'பாத்துகினு' எனவும், பிராமணர் பேச்சில் 'பாத்துண்டு' எனவும், தென்மாவட்டப் பொதுவழக்கில் 'பாத்துக்கிட்டு' எனவும் வழங்குகிறது. இந்த ஓர் உருபே பேசுபவரின் ஊரையும் சமூகத்தையும் ஏறத்தாழ அறிவித்துவிடும்.

இரண்டாவது, ழகர ஒலிப்பு. 'வாழைப்பழம்' என்னும் சொல் பிராமணர் பேச்சில் பெரும்பாலும் ழகரம் காத்து 'வாழப்பழம்' என ஒலிக்கும். தென்மாவட்டங்களில் 'வாளப்பளம்' என்றாகும். சென்னையின் உழைப்பாளர் பேச்சில் 'வாயப்பயம்' என்று யகரமாகும். சாதிக் கிளைமொழிகள் குறித்து வில்லியம் பிரைட், ஏ.கே. இராமானுசன் ஆகியோர் 1960களில் நிகழ்த்திய ஆய்வுகள், இத்தகைய வேறுபாடுகள் ஒழுங்கான அமைப்புடையவை என்பதை நிறுவின. இவை பேச்சின் குறைபாடுகள் அல்ல. ஒவ்வொன்றும் தனக்கென விதியுடைய அமைப்பு.

முனியாண்டிக்கும் மணி ஐயருக்கும் இடையில் நடிகர் மாற்றிக்கொள்ள வேண்டியிருந்தவை இவ்வமைப்புகளே. சொற்களை மனப்பாடம் செய்து இதனைச் சாதித்தல் இயலாது. 'இன்னா', 'அப்பாலே' போன்ற சில அடையாளச் சொற்களை மட்டும் தூவிவிட்டு எஞ்சிய தொடரைப் பொதுத்தமிழில் பேசும் நடிகர்கள் பலர் உளர். அத்தகைய பேச்சில் சொல் ஓர் ஊரையும், வினைமுடிபு மற்றோர் ஊரையும் காட்டி நிற்கும். கணேஷின் பேச்சில் இப்பிளவு குறைவு. அவர் அடையாளச் சொற்களைச் சிக்கனமாகவே கையாளுகிறார். வினைமுடிபிலும் குரலின் ஏற்ற இறக்கத்திலும் வழக்கை நிறுவுகிறார். கேட்போர் இது இன்ன வழக்கு என்று தனியே கவனிப்பதில்லை. இன்ன மனிதர் என்றே உணர்கின்றனர். துணைப்பாத்திரப் பேச்சின் வெற்றி இதுவே.

4. பாலக்காட்டு மணி ஐயர்

சிங்கீதம் சீனிவாசராவ் இயக்கத்தில், கிரேசி மோகன் வசனத்தில் வெளிவந்த 'மைக்கேல் மதன காம ராஜன்', ஒரே பிரசவத்தில் பிறந்து பிரிந்த நான்கு சகோதரர்களின் கதை. நால்வரையும் கமல்ஹாசனே ஏற்றார். முகம் ஒன்றாக இருப்பதால் நால்வரையும் வேறுபடுத்தும் பொறுப்பின் பெரும்பகுதி பேச்சின்மேல் விழுந்தது. அவர்களுள் சமையற்காரரான காமேசுவரனின் பேச்சு பாலக்காட்டுத் தமிழாக அமைந்தது.

இங்கே மணி ஐயரின் இடம் கூர்ந்து நோக்கத்தக்கது. காமேசுவரன் அவருடைய வளர்ப்பு மகன். பிறப்பால் பாலக்காட்டவன் அல்லன். உடன்பிறந்த மூவரும் வேறு வேறு தமிழ் பேசுகின்றனர். எனவே காமேசுவரனின் பேச்சு குருதியால் வந்ததன்று, வளர்ப்பால் வந்தது. கிளைமொழி பிறப்போடு வருவதன்று, சூழலில் கற்றுக்கொள்ளப்படுவது என்னும் மொழியியலின் அடிப்படைக் கருத்தை இந்நகைச்சுவைப் படம் தன் கதையமைப்பாலேயே மெய்ப்பித்துவிடுகிறது. ஆனால், அவ்வழக்கை அவன் எவரிடமிருந்து கற்றான் என்பதைப் பார்வையாளர் காதால் கேட்டாக வேண்டும். அந்த மூலமாக நிற்பவர் மணி ஐயர். தந்தையின் பேச்சு நம்பத்தக்கதாக அமைந்தாலன்றி மகனின் பேச்சு வெறும் குரல்விளையாட்டாகவே எஞ்சும். நான்கு வேடங்களின் வெற்றியில் துணைநடிகரின் பங்கு இவ்விடத்தில்தான் உள்ளது.

பாலக்காட்டுத் தமிழின் இயல்புகள் சிலவற்றைக் குறிப்பிடுதல் தேவை. உறுதிப்பொருளில் தொடரின் இறுதியில் வரும் 'ஆக்கும்' ('அவர் எங்க மாமாவாக்கும்'), 'புரிந்ததா' என்னும் பொருளில் 'மனசிலாச்சா', 'வாங்கினேன்' என்பதற்கு 'மேடிச்சேன்', வேலையைக் குறிக்கும் 'ஜோலி' ஆகியவை மலையாளத் தொடர்பால் அமைந்தவை. 'வந்தேள்', 'சொன்னேள்' முதலிய மரியாதை வினைமுடிபுகள் தமிழ்நாட்டுப் பிராமணர் வழக்கோடு பொதுவானவை. இவற்றுக்கு மேலாக, தொடரின் ஈற்றசையை நீட்டி உயர்த்தும் இசைப்பாங்கு உண்டு. கேட்போர் முதலில் அடையாளம் காண்பது இவ்விசைப்பாங்கையே.

கணேஷ் இவற்றுள் இசைப்பாங்கையே முதன்மையாகப் பற்றுகிறார். இதற்குக் காரணம் உண்டு. மதுரையிலும் சேலத்திலும் அமர்ந்திருக்கும் பார்வையாளருக்கு மலையாளச் சொற்கள் மிகுந்தால் நகைச்சுவை விளங்காது போகும். ஆனால் இசைப்பாங்கு எவரையும் தடுக்காது. திருமண விருந்தின் சாம்பாரில் மீன் விழுந்துவிடும் காட்சி இதற்குச் சான்று. சைவ விருந்தின் மானம் ஒரு பாத்திரத்துச் சாம்பாரைப் பற்றி நிற்கிறது. உரக்கக் கத்தவும் இயலாது; வாளாவிருக்கவும் இயலாது. இத்தகைய அடங்கிய பதற்றத்தைச் சொற்களைக் காட்டிலும் குரலின் அலைவே புலப்படுத்த வல்லது.

எனினும் ஒரு குறையையும் கூறுதல் வேண்டும். பாலக்காட்டுத் தமிழர் என்றால் அக்கிரகாரத்தார், அவர்களும் சமையற்காரர் என்னும் பதிவு தமிழ்த் திரையில் பலமுறை திரும்ப வருகிறது. சித்தூர் வட்டத்திலும் கொழிஞ்சாம்பாறைப் பகுதியிலும் வாழும் உழவர் குடிகளின் தமிழ், கொங்குத் தமிழோடு நெருங்கிய உறவுடையது. பாலக்காட்டுக் கணவாயின் இருபுறமும் பேசப்படும் அத்தமிழ் 'பாலக்காட்டுத் தமிழ்' என்னும் பெயரால் திரையில் அறியப்படவில்லை. மணி ஐயர் பாத்திரம் அப்பதிவை உருவாக்கியதன்று. ஆனால் தன் சிறப்பினாலேயே அதனை உறுதிப்படுத்தியது. நன்கு செய்யப்பட்ட ஒரு வகைமாதிரி, நன்றாகச் செய்யப்படாத ஒன்றைக் காட்டிலும் நீண்ட காலம் நிலைக்கும்.

5. இடையில் நிற்பவர்: மொழிபெயர்ப்பும் பின்னணிக் குரலும்

மொழிபெயர்ப்பாளர்களின் கவனத்திற்கு உரிய இரண்டு செய்திகள் இந்நடிகரின் வாழ்க்கைப்பணியில் உள்ளன.

ஒன்று, 'நாயகன்' படத்து ஐயர். வேலு நாயக்கருக்கு இந்தி வாராது. பம்பாயின் வணிகமும் காவல்துறையும் இந்தியில் இயங்குகின்றன. இடையில் நிற்பவர் ஐயர். தில்லியில் வாழ்ந்த நடிகரின் இந்திப் பயிற்சி இப்பாத்திரத்திற்கு இயல்பாகப் பயன்பட்டது. மொழிபெயர்ப்பாளர் தமக்கென எதுவும் கூறாதவர். ஆயினும் அவரின்றித் தலைவனின் அதிகாரம் பம்பாயில் செல்லுபடி ஆகாது. துணைப்பாத்திரத்தின் நிலையும் மொழிபெயர்ப்பாளரின் நிலையும் இப்பாத்திரத்தில் ஒன்றாகின்றன.

மற்றொன்று, சிவசங்கரியின் புதினத்தைத் தழுவிப் பாலசந்தர் இயக்கிய '47 நாட்கள்' (1981). பாரிசுக்கு மணமாகிச் சென்று, அந்நாட்டு மொழி அறியாமல் தவிக்கும் பெண்ணின் கதை அது. கணவனாக நடித்த தெலுங்கு நடிகர் சிரஞ்சீவிக்குத் தமிழில் குரல் கொடுத்தவர் டெல்லி கணேஷ். மொழி தெரியாமை ஒரு பெண்ணை எவ்வாறு சிறைப்படுத்தும் என்று கூறும் படத்தில், சிறைப்படுத்துபவனின் வாயிலிருந்து வரும் தமிழ் இன்னொருவருடையது. முகமின்றிக் குரல் மட்டுமாக நிற்பது துணைநடிகர்ப் பணியின் எல்லைநிலை எனலாம்.

பிரெஞ்சுத் திரைப்படத்தோடு ஓர் ஒப்பீடு இவ்விடத்தில் விளக்கம் தரும். மார்செல் பாஞ்ஞோலின் 'மாரியுஸ்' (1931), 'ஃபனி' (1932), 'செசார்' (1936) ஆகிய முப்படங்களும் மார்செய் துறைமுகத்தின் தென்பிரெஞ்சு ஒலிப்பைப் பாரிசு அரங்குகளுக்குக் கொண்டுசென்றன. அவற்றின் பெரும்புகழுக்குக் காரணமானவர்கள் இளங்காதலர் வேடமேற்றவர்கள் மட்டுமல்லர். முதியோர் வேடங்களை ஏற்ற ரெமுவும் ஷார்ப்பனும் ஆவர். இருவரும் முறையே தூலோனிலும் மார்செயிலும் பிறந்தவர்கள். தம் சொந்த ஒலிப்பைத் திரையில் பேசியவர்கள். டெல்லி கணேஷின் நிலை இதற்கு மாறானது. மேலே எடுத்துக்கொண்ட பாத்திரங்கள் எவற்றிலும் அவர் பிறந்த வட்டாரமாகிய நெல்லைச் சீமையின் பொதுவழக்கு இல்லை. பிறர் வழக்குகளுக்கு இடம் கொடுத்தே அவர் புகழ் பெற்றார்.

பெயர்ப்புச் சிக்கலும் இங்கே எழுகிறது. மணி ஐயரின் பேச்சை ஆங்கிலத் துணைத்தலைப்பாக்கினால் வழக்கு முழுவதும் மறைந்து பொருள் மட்டும் எஞ்சும். மலையாளத்தில் பெயர்த்தால் விளைவு இன்னும் விந்தையானது. தமிழில் வேற்றுமையைக் காட்டி நின்ற 'ஆக்கும்', மலையாளத்தில் அன்றாட வழக்காகிவிடும். தமிழனுக்கு மலையாளம் கலந்ததாகக் கேட்டது, மலையாளிக்கு எதுவும் கலவாததாகக் கேட்கும். இதற்கு ஒரு வழி, திசையை மாற்றுவது: தமிழ் கலந்த மலையாளமாகப் பெயர்த்தால் எல்லைத்தன்மை காக்கப்படும். கிளைமொழியைப் பெயர்க்கும்போது சொல்லுக்குச் சொல் தேடாமல், மூலத்தில் அவ்வழக்கு பொதுவழக்கிலிருந்து எவ்வளவு விலகி நிற்கிறதோ அவ்வளவு விலக்கத்தைப் பெயர்ப்பிலும் அமைக்க வேண்டும் என்னும் கொள்கைக்கு இது தக்க எடுத்துக்காட்டாகும்.

6. குரல் பெறாத எல்லைத்தமிழ்: மூணாறு

பாலக்காட்டிற்குத் தெற்கே, இடுக்கி மாவட்டத்தின் தேவிகுளம், பீர்மேடு வட்டங்களில் மற்றொரு தமிழ் வழங்குகிறது. 1877இல் ஜான் டேனியல் மன்றோ பூஞ்ஞாற்று அரசகுடும்பத்திடமிருந்து கண்ணன்தேவன் மலைகளின் உரிமையைப் பெற்றபின் தோட்டங்கள் எழுந்தன. கங்காணிமுறை வழியாகத் திருநெல்வேலி, மதுரை, இராமநாதபுரம் பகுதிகளிலிருந்து தொழிலாளர் கொண்டுசெல்லப்பட்டனர். 1956இல் மொழிவழி மாநிலங்கள் அமைந்தபோது இவ்வட்டங்கள் கேரளத்துடன் நின்றன. லயம், கொழுந்து, கங்காணி முதலிய தோட்டச் சொற்களும், தென்மாவட்ட வினைமுடிபுகளும், அலுவலகம் வழியாகவும் பள்ளி வழியாகவும் வந்த மலையாளமும் அங்குள்ள தமிழில் கலந்துள்ளன. 2015 செப்டம்பரில் தோட்டப் பெண்கள் கூலி உயர்வுக்காகப் போராடி உருவாக்கிய அமைப்பு, 'பெம்பிளை ஒருமை' என்னும் பெயரைக் கொண்டது. 

மூணாற்றுத் தோட்டத் தொழிலாளரின் முன்னோர் பலர் புறப்பட்ட சீமையும், டெல்லி கணேஷ் பிறந்த சீமையும் ஒன்றே. எனினும் கேரள எல்லையின் தமிழராகத் திரையில் அவர் நிலைத்தது பாலக்காட்டு அடுக்களையில்தான். இது நடிகரின் குறையன்று. துணைநடிகர் தமக்கு எழுதப்பட்ட பாத்திரத்தையே பேச இயலும். தோட்டத் தமிழருக்குப் பாத்திரம் எழுதுவோர் அரிதாகவே இருந்தனர். மூணாறு தமிழ்ப் படங்களில் பாடல் காட்சிகளுக்கான பசும்புலமாகப் பலமுறை தோன்றியது. அங்குக் கொழுந்து பறிப்பவரின் பேச்சு கேட்கப்படவில்லை.

விதிவிலக்காக லெனின் பாரதியின் 'மேற்குத் தொடர்ச்சி மலை' (2018) அமைந்தது. தேனிக்கும் இடுக்கிக்கும் இடைப்பட்ட மலைப்பாதையில் சுமை தூக்கும், ஏலத்தோட்டத்தில் உழைக்கும் மக்களின் கதையைக் கூறும் இப்படத்தில் அப்பகுதி மக்களே பலர் நடித்தனர். அவர்களின் பேச்சு அவர்களுடையதாகவே ஒலித்தது. ஆனால் இம்முறைக்கும் ஓர் எல்லை உண்டு. தம் ஊர்ப்பேச்சைத் தாமே பேசும் மக்கள் ஒரு படத்தோடு நின்றுவிடுகின்றனர். அவ்வழக்கு அடுத்த படத்திற்கும், அதற்கு அடுத்த படத்திற்கும் செல்ல வேண்டுமாயின் அதனைக் கற்றுச் சுமந்து செல்லும் தொழில்முறை நடிகர் தேவை. பாலக்காட்டுத் தமிழுக்குக் கிடைத்த அத்தகைய ஒருவர் மூணாற்றுத் தமிழுக்குக் கிடைக்கவில்லை.

இதில் மொழியியலாரின் கடமையும் அடங்கியுள்ளது. தோட்டத்தில் லயவீடு வேலையோடு பிணைந்தது. பணி ஓய்வு பெற்றோர், குடும்பத்தில் வேறு எவரும் தோட்ட வேலையில் இல்லாவிடில், அவ்வீட்டை விட்டு நீங்க வேண்டியவராகின்றனர். பலர் தமிழ்நாட்டு ஊர்களுக்குத் திரும்புகின்றனர். இதனால் ஒரு வழக்கின் முதிய பேச்சாளர்களே அது வழங்கும் இடத்தை விட்டு அகல்கின்றனர். 2020 ஆகத்து 6ஆம் நாள் இரவில் பெட்டிமுடியில் நிகழ்ந்த நிலச்சரிவு லயங்களோடு எழுபது உயிர்களைக் கொண்டுபோயிற்று. அம்மக்களின் வாழ்வும் உரிமையுமே முதற்கவலைக்கு உரியவை. அவற்றோடு, அவர்கள் பேசும் தமிழின் ஒலிப்பதிவும் சொற்றொகுதியும் காலந்தாழ்த்தாமல் எடுக்கப்பட வேண்டியவை. எழுதுவோருக்கும் நடிப்போருக்கும் கற்றுக்கொள்ள ஒரு மூலம் இருந்தால்தான் அவ்வழக்கு நாளை திரையிலும் மேடையிலும் பிழையின்றி ஒலிக்கும்.

7. முடிவுரை

மேற்கண்ட ஆய்வால் பின்வருவன பெறப்படுகின்றன.

(அ) தமிழ்த் திரையில் கிளைமொழியின் நம்பகத்தன்மை பெரும்பாலும் துணைப்பாத்திரத்தால் நிறுவப்படுகிறது. கதைத்தலைவனின் வழக்குக்கும் அதுவே ஆதாரமாகிறது. மணி ஐயர்–காமேசுவரன் உறவு இதனைத் தெளிவாகக் காட்டுகிறது.

(ஆ) டெல்லி கணேஷின் திறன் அடையாளச் சொற்களைப் பெருக்குவதில் இல்லை. வினைமுடிபு, ஒலிப்பு, இசைப்பாங்கு ஆகிய அமைப்புக் கூறுகளைப் பற்றி நிற்பதில் உள்ளது. கிளைமொழியைப் பெயர்ப்போரும் இம்முறையைக் கைக்கொள்ளலாம்.

(இ) திரையில் ஒரு வழக்கு சிறப்பாக நிலைபெறும்போது அதன் அருகில் வழங்கும் பிற வழக்குகள் மறைக்கப்படுதலும் நிகழ்கிறது. சித்தூர் வட்டத்து உழவர் தமிழும் மூணாற்றுத் தோட்டத் தமிழும் அவ்வாறு மறைக்கப்பட்டவை.

2024 நவம்பரில் டெல்லி கணேஷ் மறைந்தபோது வெளிவந்த அஞ்சலிகள் பலவற்றில் மணி ஐயரும் அச்சாம்பார்க் காட்சியும் நினைவுகூரப்பட்டன. பாலக்காட்டைக் கண்டிராத தமிழர் பலருக்கும் அந்த ஊரின் பேச்சு காதில் நிற்கிறது என்றால், அதில் இந்தத் துணைநடிகருக்குப் பெரும்பங்கு உண்டு. மூணாற்றின் தேயிலையைத் தமிழர் நன்கறிவர். அதைப் பறிக்கும் கைகளுக்கு உரியவரின் பேச்சு இன்னும் அவர்கள் செவியை எட்டவில்லை.